வெலிங்டனுக்கு வராத வெலிங்டன்

மே 4, மாலை 6.15 (ஒரு வாசகரின் கேள்வி)

போன வாரம் குன்னூர் போயிருந்தோம். பக்கத்தில் உள்ள வெலிங்டனில் டியூக் ஆஃப் வெலிங்டன் வந்து தங்கியிருந்தார், அதனால்தான் ஊருக்கு அந்தப் பெயர் என்று வழிகாட்டி சொன்னார். திப்பு சுல்தானைக் கொன்றது இவர்தான், கட்டபொம்மனைத் தூக்கில் போட்டதும் இவர்தான் என்றார். பள்ளியில் படித்த துணைப்படைத் திட்டமும் (மன்னர்கள் தங்கள் செலவில் கம்பெனிப் படையை வைத்துக்கொள்ளும் ஏற்பாடு) இவருடையதுதானே? இதில் எவ்வளவு உண்மை?

மே 4, இரவு 9.50

நான்கும் தப்பு. வழிகாட்டிக்குக் கொடுத்த காசைத் திரும்ப வாங்க முடியுமா என்று பாருங்கள்.

வாட்டர்லூவில் நெப்போலியனை வென்று, டியூக் ஆஃப் வெலிங்டன் என்று பேர் வாங்கியவரின் சொந்தப் பெயர் ஆர்தர் வெல்லெஸ்லி. அவர் இந்தியாவை விட்டுக் கப்பல் ஏறியது 1805 மார்ச்சில். கோயம்புத்தூர் கலெக்டர் ஜான் சல்லிவன் நீலகிரிக்கு மேலே வந்தது 1819இல். அதற்கு முன் அந்த மலையில் வெள்ளைக்காரர்களுக்கு வீடும் கிடையாது, பாதையும் கிடையாது. ஊரின் பழைய பெயர் ஜக்கதளா. பக்கத்தில் இருக்கும் ஜகதளா என்ற படகர் ஊரை வைத்து வந்த பெயர். 1852இல் அங்கே பட்டாளத்துக்குக் குடியிருப்பு கட்ட ஆரம்பித்தார்கள். அதே வருஷம் செப்டம்பரில் இங்கிலாந்தில் கிழவர் வெல்லெஸ்லி கண்ணை மூடினார். 1860இல் சென்னை கவர்னர் சார்லஸ் ட்ரெவெலியன் அந்த இடத்துக்கு அவர் பெயரை வைத்தார். செத்துப்போனவரின் பெயரைப் புதுக் கட்டடத்துக்கு வைப்பது அன்றைக்கும் வழக்கம்தான்.

திப்பு இறந்தது 1799 மே 4. தற்செயலாக இன்றைய தேதி. அன்று ஸ்ரீரங்கப்பட்டணக் கோட்டை மதிலின் உடைப்பில் ஏறிய ஆங்கிலேயப் படையை நடத்தியவர் டேவிட் பேர்ட். வெல்லெஸ்லி பின்னால் பதுங்குகுழியில், ரிசர்வ் படையோடு இருந்தார். இருட்டிய பிறகு பிணக் குவியலுக்குள் திப்புவைத் தேடி எடுத்தபோதுதான் அவர் அங்கே வருகிறார்.

கட்டபொம்மனைக் கயத்தாற்றில் தூக்கிலிட்டது மேஜர் பானர்மேன், அதே வருஷம் அக்டோபரில். வெல்லெஸ்லி அப்போது மைசூர்ப் பக்கம் இருந்தார்.

துணைப்படைத் திட்டம் அண்ணன் ரிச்சர்டுடையது. அவர்தான் கவர்னர் ஜெனரல், பாடப்புத்தகத்தின் ‘வெல்லெஸ்லி பிரபு’. தம்பி அன்று வெறும் கர்னல்.

மே 5, காலை 7.20

தூங்கி எழுந்த பிறகு ஒரு திருத்தம். நான்கும் தப்பு என்று ஒரே போடாகப் போட்டது கொஞ்சம் வேகம்தான். சட்டப்படி தப்பு, சரி. ஆனால் அண்ணன் திட்டம் போட, தம்பி படையோடு போக, நடுவில் இன்னொரு தம்பி ஹென்றி அண்ணனுக்குச் செயலாளராக இருக்க, அது ஒரு குடும்பத் தொழில் மாதிரி நடந்தது. பானர்மேனுக்கும் ஆர்தருக்கும் உத்தரவு வந்தது ஒரே சென்னைக் கோட்டையிலிருந்து. கோட்டைக்குள் இன்றும் வெல்லெஸ்லி ஹவுஸ் என்று ஒரு பாழடைந்த கட்டடம் நிற்கிறது. வழிகாட்டி ஆளை மாற்றிச் சொன்னார், வீட்டை மாற்றிச் சொல்லவில்லை.

மே 5, மாலை 5.40

எனக்கு இந்த ஆள் மேல் ஏன் இவ்வளவு அக்கறை என்று ஒருவர் தனியாகக் கேட்டிருக்கிறார். அப்பா பேரக்ஸ் பக்கம் தையல்காரர். ஒரு மெஷின், ஒரு மர ஸ்டூல், சுவரில் ஒரு பழைய நாட்காட்டி, அவ்வளவுதான் கடை. ஓய்வுபெறும் சுபேதார்களும் ஹவில்தார்களும் பிளேசர் தைக்கக் கொடுப்பார்கள். அதன் பாக்கெட்டில் யானைச் சின்னம் வைக்க வேண்டும். தயாராகக் கிடைக்காதபோது அப்பா தங்க ஜரிகை நூலில் அவரே யானை தைப்பார். கால் நாலும் முதலில், அப்புறம் முதுகு, கடைசியாகத் தும்பிக்கை.

"ஏம்ப்பா யானை?" என்று கேட்டேன். "பட்டாளத்துக்காரங்க வெச்சிருக்காங்க, நாம தைக்கிறோம்" என்றார். பத்து வருஷம் கழித்துக் கல்லூரி நூலகத்தில்தான் தெரிந்தது. மெட்ராஸ் ரெஜிமென்டின் யானை அசாயே யானை. 1803இல் மராத்தியருக்கு எதிராக அசாயேவில் சண்டை போட்ட பட்டாளங்களுக்குக் கம்பெனி கொடுத்த மரியாதைச் சின்னம். அந்தச் சண்டையை நடத்தியவர் ஆர்தர் வெல்லெஸ்லி. அந்த ரெஜிமென்டின் மையம் இருப்பது வெலிங்டனில். ஆள் வராத ஊருக்கு யானை வந்து சேர்ந்துவிட்டது.

மே 7, இரவு 11.10

வெல்லெஸ்லியைத் ‘தோற்காத தளபதி’ என்று மேலே ஒருவர் எழுதியிருக்கிறார். தோற்றிருக்கிறார். இடத்தின் பெயரே நம் வாயில் வருவதுதான், சுல்தான்பேட்டைத் தோப்பு. இங்கிலீஷ்காரர்கள் தங்கள் அறிக்கைகளில் ‘டோப்’ என்று எழுதிய சொல் நம் தோப்புதான்.

1799 ஏப்ரல் 5. ஸ்ரீரங்கப்பட்டணத்துக்கு வெளியே ஒரு தோப்பும், அதை ஒட்டி வாய்க்கால்களும். அதற்குள் திப்புவின் ஆட்கள் ராக்கெட்டோடு இருக்கிறார்கள். ராத்திரியில் போய்ப் பிடி என்று வெல்லெஸ்லிக்கு உத்தரவு. அவர் பகலில் அந்த இடத்தைப் பார்த்ததே இல்லை. இருட்டில் உள்ளே போனதும் வாய்க்கால் கரை எது, எதிரி எது என்று தெரியவில்லை. படை சிதறியது. 12 பேர் பிடிபட்டார்கள், பின்னால் கொல்லப்பட்டார்கள். இவருக்கு முழங்காலில் வேகம் குறைந்த குண்டு ஒன்று பட்டது. நடுராத்திரி தளபதி ஹாரிஸின் கூடாரத்துக்கு வந்து, முடியவில்லை என்று சொன்னார்.

மறுநாள் வெளிச்சத்தில் அதே தோப்பைக் கொஞ்ச நேரத்தில் பிடித்தும்விட்டார். ஆனால் அந்த இரவு அவரை விடவில்லை. பகலில் நோட்டம் பார்க்காத இடத்தில், தயாராக இருக்கும் எதிரி மேல் ராத்திரியில் பாயவே மாட்டேன் என்று அண்ணனுக்குக் கடிதம் எழுதினார். அதற்கப்புறம் வாழ்நாள் முழுக்க நிலத்தைத் தன் கண்ணால் பார்ப்பது என்ற கிறுக்கு பிடித்துக்கொண்டது. வாட்டர்லூவை விட அந்தத் தோப்புதான் இவரைத் தளபதி ஆக்கியது என்பது என் கட்சி.

மே 8, பிற்பகல் 1.05

தோப்புக் கதைக்கு ஒரு பின்குறிப்பு. மறுநாள் காலை தாக்குதலுக்குப் போக வெல்லெஸ்லி வந்துசேரத் தாமதமானபோது, ஹாரிஸ் அந்த வேலையை டேவிட் பேர்டிடம் கொடுக்கப் பார்த்தாராம். "நேற்று தோற்றவனுக்கே இன்னொரு வாய்ப்புக் கொடுங்கள்" என்கிற மாதிரி பேர்ட் விட்டுக்கொடுத்தார் என்பார்கள். ஒரு மாதம் கழித்து உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு கோட்டைக்குள் ஏறியதும் பேர்ட். அதற்கு மறுநாளே கோட்டைப் பொறுப்பு யாருக்குப் போனது? கவர்னர் ஜெனரலின் தம்பிக்கு. நெற்றி வியர்வை காயுமுன் தன்னைவிடக் கீழ்ப் பதவிக்காரனை மேலே வைத்தார்கள் என்று பேர்ட் சாகும்வரை புலம்பினார். எங்கள் அலுவலகத்தில் 2011இல் நடந்த ஒரு பதவி உயர்வு ஞாபகம் வருகிறது. அதை இங்கே எழுதினால் இழை திசை மாறிவிடும்.

மே 8, இரவு 10.30

பேர்ட் முன்பு திப்புவின் ஊரிலேயே கைதியாக இருந்தவரா என்று கேட்டவருக்கு: ஆமாம், அவர் 1780இல் காஞ்சிபுரம் பக்கத்துப் பொள்ளிலூர்ச் சண்டையில் ஹைதர் படையிடம் பிடிபட்டு, ஸ்ரீரங்கப்பட்டணத்தில் வருஷக்கணக்கில் சங்கிலியில் கிடந்தவர். கைதிகளை இருவர் இருவராகப் பிணைத்திருக்கிறார்கள் என்று கேள்விப்பட்டதும் ஸ்காட்லாந்தில் இருந்த அவர் அம்மா, நம்ம டேவியோடு கட்டப்பட்ட பையன் பாவம் என்றாளாம். பெற்றவளுக்குத்தான் பிள்ளையைத் தெரியும்.

அந்தப் பொள்ளிலூர்ச் சண்டையைத் திப்பு தன் தரியா தவுலத் மாளிகைச் சுவரில் படமாக வரைய வைத்தார். தோற்ற ஆங்கிலேயப் படையின் தலைவர் கர்னல் பெய்லி பல்லக்கில் விரலைக் கடித்துக்கொண்டு இருப்பார், பக்கத்தில் வெடிமருந்து வண்டி வெடிக்கும். கோட்டை விழுந்த பிறகு அந்த மாளிகையில் குடியேறியது யார்? வெல்லெஸ்லி. தன் நாட்டுப் படை தோற்ற ஓவியத்தை அழிக்காமல், சரிசெய்து வைக்கச் சொன்னார். ஐந்து வருஷத்துக்கு முன் நான் போனபோது அந்தச் சுவருக்கு முன்னால் அரைமணி நின்றேன். காவலாளி "நகருங்க" என்று மூன்று தடவை சொன்னார். தோற்ற கதையைத் தினமும் காலையில் பார்த்துக்கொண்டு காபி குடிக்க ஒரு தனி மனசு வேண்டும். திமிர் என்றும் சொல்லலாம். வென்றவனால்தான் அது முடியும்.

மே 12, காலை 8.00

வெல்லெஸ்லியின் கடிதங்களை வாசித்தால் போரைப் பற்றிப் படிக்கிறோமா, மளிகைக் கணக்குப் படிக்கிறோமா என்று சந்தேகம் வரும். அரிசி எத்தனை மூட்டை, மாடு எத்தனை ஜோடி, எது நொண்டி, ஓட்டுகிறவனுக்குக் கூலி போனதா. அரிசியும் மாடும் இருந்தால் ஆள் இருப்பான், ஆள் இருந்தால் எதிரியை ஜெயிக்கலாம் என்பது அவர் கணக்கு. தானியம் சுமக்க, மாட்டு மந்தையோடு ஊர் ஊராகப் போய் வியாபாரம் செய்யும் பஞ்சாராக்கள். பீரங்கி இழுக்கத் திப்புவின் தொழுவத்திலிருந்து கிடைத்த அமிர்த் மகால் காளைகள். அந்தக் காளைகளை அவர் மறக்கவே இல்லை. பின்னால் ஸ்பெயினில் வண்டிகள் சேற்றில் சிக்கியபோதெல்லாம் அவற்றை நினைத்து ஏங்கியிருக்கிறார்.

அதனால் அவர் படை போகும் ஊரில் கொள்ளை குறைவு. கருணை என்று நினைக்க வேண்டாம். கொள்ளையடித்தால் மறுநாள் யாரும் அரிசி விற்க வரமாட்டார்கள். ஸ்ரீரங்கப்பட்டணம் விழுந்த ராத்திரி ஊரே சூறையாடப்பட்டது. மறுநாள் இவர் பொறுப்பேற்று நாலு பேரைத் தூக்கில் போட்டார், பலருக்குக் கசையடி. இரண்டு நாளில் கடை திறந்தது.

மே 13, காலை 6.45

அசாயே எங்கே, எப்படி என்று மூன்று பேர் கேட்டுவிட்டீர்கள். இன்றைய மகாராஷ்டிரத்தில் ஜால்னா பக்கம். 1803 செப்டம்பர் 23. எதிரே மராத்திய மன்னர்கள் சிந்தியாவும் பெரார் போன்ஸ்லேயும். அவர்களிடம் 50,000 பேர் பயிற்சி பெற்ற காலாட்படையும் நூற்றுக்கு மேல் பீரங்கியும். வெல்லெஸ்லியிடம் 7,000 பேர். பாதிப் படை வேறு வழியில் வந்துகொண்டிருந்தது. காத்திருக்கலாம். காத்திருக்கவில்லை.

நடுவில் கைத்னா ஆறு. நேரே எதிரே இறங்கினால் பீரங்கி தின்றுவிடும். ஆற்றைக் கடக்க வேறு துறை இருக்கிறதா என்று கேட்டால், கூட வந்த உள்ளூர் வழிகாட்டிகள் ஒரே குரலில் இல்லை என்கிறார்கள். (வழிகாட்டிகள் அன்றும் அப்படித்தான்.) இவர் ஒரு மேட்டில் ஏறித் தொலைநோக்கியில் பார்க்கிறார். ஆற்றுக்கு இந்தக் கரையில் ஓர் ஊர், அந்தக் கரையில் நேர் எதிரே இன்னோர் ஊர். இவ்வளவு கிட்டத்தில் இரண்டு ஊர் கட்டியவர்கள் ஒருவர் வீட்டுக்கு ஒருவர் போக ஒரு துறை வைத்திருக்காமலா இருப்பார்கள்? ஆளை அனுப்பினார். இருந்தது.

அதில் இறங்கும்போது பக்கத்தில் வந்த குதிரை வீரனின் தலையைப் பீரங்கிக் குண்டு கொண்டுபோனது. அன்று இவர் ஏறியிருந்த ஒரு குதிரை செத்தது, டயோமெட் என்ற இன்னொன்றுக்கு ஈட்டிக் குத்து. சாயங்காலம் 98 பீரங்கி இவர் கையில். இறந்தவர், காயப்பட்டவர் சேர்த்து இவர் பக்கம் 1,500க்கு மேல், அதாவது ஐந்தில் ஒருவருக்கு மேல். ஸ்காட்லாந்து 74, 78ஆம் பட்டாளங்களோடு நின்றவர்கள் சென்னை ராஜதானியின் சிப்பாய்கள். தமிழும் தெலுங்கும் பேசியவர்கள் அவர்களில் நிறைய. அவர்கள் பெயர் எங்கும் இல்லை. யானை மட்டும் இருக்கிறது.

கிழவரான பிறகு, நீங்கள் செய்த சண்டையிலேயே சிறந்தது எது என்று ஒருவர் கேட்டார். "அசாயே" என்றார். அதற்கு மேல் ஒரு வார்த்தை பேசவில்லை.

மே 13, மதியம் 12.30

சரி, சரி. 50,000 பேரும் பயிற்சி பெற்ற காலாட்படை இல்லை. பெரும்பகுதி குதிரைக்காரர்கள், அவர்களில் பலர் சண்டையில் இறங்கவே இல்லை. ஐரோப்பிய முறையில் பழகிய காலாட்படை அதில் ஒரு சிறு பங்கு, ஹனோவர்க்காரர் போல்மன் கீழே. திருத்தியவருக்கு நன்றி சொல்லமாட்டேன், அந்தத் தொனி எனக்குப் பிடிக்கவில்லை. தகவல் சரி.

மே 20, இரவு 9.15

"குதிரை லாயத்தில் பிறந்ததால் ஒருவன் குதிரை ஆகிவிடமாட்டான்" என்று வெலிங்டன் தன் அயர்லாந்துப் பிறப்பை மறுத்துச் சொன்னதாக ஒருவர் போட்டிருக்கிறார். அது அவர் சொன்னது இல்லை. அவரைக் கிண்டல் பண்ணி அயர்லாந்துத் தலைவர் டேனியல் ஓகானல் 1843இல் சொன்னது. பாவம், அடி வாங்கியவர் கணக்கிலேயே எழுதிவிட்டார்கள். ஈட்டன் பள்ளி மைதானத்தில்தான் வாட்டர்லூவை வென்றது என்ற வசனமும் அப்படித்தான், செத்த பிறகு ஒட்ட வைத்தது. ஈட்டனில் அவர் மூன்று வருஷம் தனியாகச் சுற்றிக்கொண்டிருந்த பையன். வீட்டில் காசு போதவில்லை என்று நிறுத்திவிட்டார்கள்.

டப்ளினில் 1769இல் பிறந்தவர். இன்னொரு குழப்பம்: சென்னையில் வில்லிங்டன் என்று எங்காவது பார்த்தால் அது இவர் இல்லை. 1919 முதல் 1924 வரை சென்னை கவர்னராக இருந்தவர் அந்த வில்லிங்டன் பிரபு.

மே 21, இரவு 10.00

வெல்லெஸ்லியின் வயலின் பற்றிச் சொல்லச் சொன்னார்கள். அவருடைய அப்பா இசைப் பேராசிரியர், மகனும் வயலின் வாசிப்பார். 1793இல் கிட்டி பேக்கன்ஹாமைப் பெண் கேட்டார். காசில்லாத கடைக்குட்டி வகையறாவுக்குத் தரமாட்டோம் என்று அவள் அண்ணன் சொல்லிவிட்டார். வயலின்களை எரித்துவிட்டுப் பட்டாளத்து வேலையை ஒழுங்காகச் செய்ய ஆரம்பித்தார். 12 வருஷம் கழித்து இந்தியாவிலிருந்து 42,000 பவுண்டு சம்பாத்தியத்தோடு திரும்பி, இடையில் பார்க்காமலே கல்யாணத்துக்குச் சம்மதம் கேட்டு, 1806இல் டப்ளினில் கட்டிக்கொண்டார். பகலில் நோட்டம் பார்க்காத இடத்தில் போகமாட்டேன் என்று எழுதிய அதே ஆள்! கல்யாணத்தன்று அவளைப் பார்த்து, அசிங்கமாகிவிட்டாள் என்று தம்பி காதில் முணுமுணுத்தாராம். அந்த வீட்டில் சந்தோஷம் இல்லை. அவரும் உத்தமர் இல்லை. இது போதும்.

மே 21, இரவு 10.20

இன்னொன்று. 1800இல் தோந்தியா வாக் என்ற கலகக்காரரைத் துரத்திக் கொன்றபோது மூட்டை முடிச்சுகளுக்கு நடுவே அவருடைய நாலு வயது மகன் சலாபத் கான் கிடைத்தான். வெல்லெஸ்லி அவனை எடுத்து வளர்க்க ஏற்பாடு செய்து, ஊரைவிட்டுப் போகும்போது பணமும் வைத்துவிட்டுப் போனார். அப்பனைக் கொன்றவர் பிள்ளைக்குப் பால் வாங்கிக் கொடுத்தார். இதை எந்தத் தட்டில் வைப்பது என்று எனக்கு இன்னும் புரியவில்லை.

ஜூன் 2, மாலை 4.30

போர்ச்சுகலிலும் ஸ்பெயினிலும் நெப்போலியனின் படைகளோடு அவர் மோதிய ஆறு வருஷத்தை ஒரு குறிப்பில் அடக்க முடியாது, அடக்கப்போவதும் இல்லை. எனக்குப் பிடித்தது டோரஸ் வெத்ராஸ். லிஸ்பனுக்கு வடக்கே மலைமுகடுகளில் ஒரு வருஷம் சத்தமில்லாமல் கோட்டை வரிசைகள் கட்டினார். 1810 அக்டோபரில் மசேனாவின் பிரெஞ்சுப் படை துரத்திக்கொண்டு வந்து முட்டியபோதுதான் அப்படி ஒன்று இருப்பதே அவர்களுக்குத் தெரிந்தது. வெளியே வயலில் தானியம் இல்லை, எல்லாவற்றையும் முன்கூட்டியே அப்புறப்படுத்தியாகிவிட்டது. பிரெஞ்சுக்காரர்கள் ஒரு மாதம் பட்டினியாக நின்றுவிட்டுத் திரும்பினார்கள். மறுபடியும் அரிசிக் கணக்கு.

அந்தக் கணக்கை யார் கொடுத்தார்கள்? வயலைக் காலி செய்யச் சொல்லி ஓட வைக்கப்பட்ட போர்ச்சுகல் குடியானவர்கள். அவர்களில் ஆயிரக்கணக்கானவர்கள் பசியிலும் நோயிலும் செத்தார்கள். முதலில் பிடித்தது என்று எழுதினேன். அந்தச் சொல்லை எடுத்துவிடலாமா என்று யோசித்துக்கொண்டிருக்கிறேன்.

1812 ஏப்ரலில் படஹோஸ் கோட்டையைப் பிடித்த பிறகு அவருடைய சொந்தப் படையே அந்த ஸ்பானிய ஊரை நாள் கணக்கில் நாசம் பண்ணியது. நேச நாட்டு ஊர்! கோட்டை உடைப்பில் குவிந்து கிடந்த தன் ஆட்களைப் பார்த்து அவர் அழுதார். ஊருக்குள் நடந்ததை உடனே நிறுத்த முடியவில்லை. ஸ்ரீரங்கப்பட்டணத்தில் மறுநாளே செய்தது இங்கே முடியாமல் போனது.

ஜூன் 18, இரவு 11.55

இன்று வாட்டர்லூ நாள். 1815இல் நடந்த அந்தச் சண்டை எல்லோருக்கும் தெரியும். வெலிங்டன் பக்கம் 68,000 பேர், அதில் பாதிக்கு மேல் பிரிட்டிஷ்காரர்களே இல்லை. டச்சு, பெல்ஜியம், ஜெர்மன் ஆட்கள். சாயங்காலம் புளூஷரின் பிரஷ்யப் படை வந்து சேராவிட்டால் கதை வேறு. மேட்டுக்குப் பின்சரிவில் படையைப் படுக்க வைத்து, எதிரி பீரங்கிக்குக் கண்ணில் படாமல் வைத்திருந்தார். அந்த நிலத்தை ஒரு வருஷம் முன்னாலேயே பார்த்துக் குறித்து வைத்திருந்தார். தோப்பு, தோப்பு.

நான் சொல்ல வந்தது அன்றைய இரவு. அவருடைய கட்டிலில் உதவி அதிகாரி அலெக்சாண்டர் கார்டன் கால் போய்ச் செத்துக்கொண்டிருந்தார். இவர் தரையில் படுத்தார். விடியுமுன் டாக்டர் ஹியூம் வந்து எழுப்பிச் செத்தவர்களின் பட்டியலை வாசித்தார். வெலிங்டன் முகம் கழுவவில்லை. முதல் நாள் புழுதியும் வெடிமருந்துக் கரியும் அப்படியே. வாசிக்க வாசிக்க அந்தக் கரியில் கண்ணீர் இரண்டு வெள்ளைக் கோடு போட்டது.

ஜூன் 19, காலை 9.10

ராக்கெட் ஜோக் ஒன்று. வெலிங்டன் வாழ்க்கையில் ராக்கெட் இரண்டு தடவை வருகிறது. முதலாவது 1799இல் திப்புவின் ஆட்கள் விட்டது. இரண்டாவது 1830 செப்டம்பர் 15 அன்று, லிவர்பூல்–மான்செஸ்டர் ரயில்பாதைத் திறப்பு விழாவில். பிரதமரான இவருடைய பெட்டி நின்றபோது ஹஸ்கிசன் என்ற முன்னாள் மந்திரி பழைய சண்டையை மறந்து கை கொடுக்கத் தண்டவாளத்தில் நடந்து வந்தார். பக்கத்துப் பாதையில் வந்த எஞ்சின் அடித்து அன்று ராத்திரியே இறந்தார். எஞ்சினின் பெயர் ‘ராக்கெட்’. கிழவருக்கு அதற்கப்புறம் ரயிலே ஆகவில்லை. அவர் பெயரில் இன்று மலை ரயிலுக்கு ஒரு ஸ்டேஷன்.

ஜூன் 24, இரவு 10.45

அரசியலுக்கு வாருங்கள் என்று நச்சரிக்கிறீர்கள். 1828 ஜனவரியில் வெலிங்டன் பிரிட்டிஷ் பிரதமர். கத்தோலிக்கர் நாடாளுமன்றத்தில் உட்காரக் கூடாது என்ற கட்சியின் ஆள். ஆனால் கத்தோலிக்கரான ஓகானல் அயர்லாந்தில் தேர்தலில் ஜெயித்துவிட்டார். சேர்க்காவிட்டால் உள்நாட்டுப் போர் வரும் என்று கணக்குப் போட்டு, தன் கட்சியையும் ராஜாவையும் மல்லுக்கட்டி 1829இல் கத்தோலிக்கரைச் சேர்க்கும் சட்டத்தைக் கொண்டுவந்தார். வின்செல்சி பிரபு இவரைத் துரோகி என்கிற தொனியில் பத்திரிகையில் எழுத, 59 வயதுப் பிரதமர் மார்ச் 21 காலையில் பாட்டர்சீ வயலில் அவரோடு ஒற்றைக்கு ஒற்றைச் சண்டைக்குத் துப்பாக்கியோடு நின்றார். யார் மேலும் படவில்லை. வின்செல்சி வானத்தில் சுட்டு மன்னிப்பு எழுதிக் கொடுத்தார். கூட வந்த டாக்டர் யார் தெரியுமா? வாட்டர்லூவில் பட்டியல் வாசித்த அதே ஹியூம்.

பின்வாங்க வேண்டிய நேரத்தில் பின்வாங்கத் தெரிந்த ஆள் என்று இதை வைத்துச் சொல்வார்கள். நானும் சொல்லியிருக்கிறேன். ஆனால் அடுத்த வருஷமே கதை கவிழ்ந்தது. 1830 நவம்பர் 2 அன்று, இப்போதுள்ள தேர்தல் முறையே சரி, திருத்தமே வேண்டாம் என்று பிரபுக்கள் சபையில் அடித்துப் பேசினார். மான்செஸ்டருக்கு ஒரு உறுப்பினர்கூட இல்லாத முறை அது! இரண்டு வாரத்தில் ஆட்சி போனது. நாடு முழுக்க என்ன கொதிப்பு என்று அவர் நேரில் போய்ப் பார்க்கவில்லை. நிலத்தைப் பார்க்காமல் ராத்திரியில் தோப்புக்குள் போனார் என்பேன்.

1831 ஏப்ரலில் கூட்டம் அவர் வீட்டு ஜன்னல்களைக் கல்லெறிந்து உடைத்தபோது உள்ளே கிட்டி செத்துக் கிடந்தாள். மூன்று நாள்தான் ஆகியிருந்தது. அப்புறம் ஜன்னலுக்கு இரும்புக் கதவு போட்டார். ‘இரும்பு டியூக்’ என்ற பட்டத்துக்கு அந்தக் கதவும் ஒரு காரணம் என்பார்கள்.

ஜூன் 25, மாலை 6.00

"அவரை ரொம்பத் தாங்குகிறீர்கள்" என்று ஒருவர். இருக்கலாம். எதிர்ப்பக்கத்தையும் எழுதுகிறேன். கத்தோலிக்கர் சட்டத்தோடு சேர்த்து அயர்லாந்தில் ஓட்டுப் போடத் தேவையான சொத்துத் தகுதியை 40 ஷில்லிங்கிலிருந்து (அதாவது 2 பவுண்டு) 10 பவுண்டாக உயர்த்தி ஏழைக் குடியானவர்களின் ஓட்டைப் பறித்தார்கள். ஒரு கையால் கொடுத்து மறு கையால் வாங்கியது. தன் சிப்பாய்களைப் பூமியின் கசடு என்று எழுதியவர். (பின்னால் அதோடு, அவர்களை இவ்வளவு நல்ல ஆட்களாக்கினோமே என்றும் சேர்த்துக்கொண்டார்.) கசையடி வேண்டும், காசு கொடுத்து அதிகாரிப் பதவி வாங்கும் முறையும் இருக்கட்டும் என்று கடைசிவரை நின்றார். 1842 முதல் சாகும்வரை படைக்குத் தலைமை அவர்தான். அதனால் யாரும் எதையும் மாற்றவில்லை. செத்து இரண்டே வருஷத்தில் ரஷ்யாவோடு நடந்த போரில் கிரிமியாவில் கம்பளியும் வண்டியும் இல்லாமல் அதே படை குளிரில் செத்தது. அரிசியும் மாடும் எண்ணிய ஆளின் படை!

இறுதி ஊர்வலம் 1852 நவம்பர் 18இல். வாட்டர்லூவில் பிடித்த பீரங்கிகளை உருக்கிச் செய்த தேர். வழியில் அது சேற்றில் சிக்கி நின்றது. அமிர்த் மகால் காளை இருந்திருந்தால்!

ஜூலை 6, காலை 11.20

கிளாஸ்கோவில் உள்ள அவர் சிலைக்கு யாரோ தலையில் போக்குவரத்துக் கூம்பை மாட்டிவைக்கும் வழக்கம் பல வருஷமாக நடக்கிறது. எடுக்க எடுக்க மறுபடி வரும். 2013இல் பீடத்தை உயர்த்த நகராட்சி திட்டம் போட, ஜனங்கள் எதிர்த்துக் கையெழுத்துப் போட்டுத் திட்டத்தைக் கைவிட வைத்தார்கள். என் மகள் அங்கே படிக்கிறாள். படம் அனுப்பினாள், ஆரஞ்சுக் கூம்போடு. அவருக்கு அது பொருந்துகிறது.

கேள்வி கேட்டவர் மறுபடி குன்னூர் போனாராம். வழிகாட்டியிடம் நம் இழையைக் காட்டியிருக்கிறார். அவர் முழுசாகப் படித்துவிட்டு, "வரலைன்னு சொன்னா யாரும் வண்டியவிட்டு இறங்கமாட்டாங்க சார்" என்றாராம்.

ஜூலை 9, இரவு 8.40

ஒரு திருத்தம். ஞாயிற்றுக்கிழமை பழைய வீட்டில் அப்பாவின் தகரப் பெட்டியைத் திறந்தேன். பாதி தைத்த யானை ஒன்று இருந்தது, நாலு காலும் முதுகும் மட்டும். மே 5ஆம் தேதிக் குறிப்பில் தங்க ஜரிகை என்று எழுதியிருந்தேன். ஜரிகை இல்லை. சாதாரண மஞ்சள் நூல்.